மாநில அரசியலைப் படமெடுக்கும் வேலை: எங்கே நிற்பது, என்ன எழுதி வைப்பது, எதைக் காப்பாற்றுவது

#1 கோட்டைவாசல்

அரசியல் பீட்டுக்கு (செய்திப் பிரிவுக்கு) வருகிற புதிய போட்டோகிராபர்கள் முதலில் கேட்பது எந்த கேமரா பாடி, எந்த லென்ஸ் என்றுதான். அதற்குத் தனி இழைகள் ஏற்கெனவே இருக்கின்றன. தமிழ்நாட்டு அரசியலையும் பொதுவாழ்வையும் இருபது, முப்பது வருடம் விடாமல் எடுக்கப் போகிறவர் தெரிந்திருக்க வேண்டியவற்றை இந்த இழையில் சேர்த்து வைக்கலாம். சொந்தக் கதை வேண்டாம். இடம், நேரம், அளவு, எது ஏன் சொதப்புகிறது, இவை போதும்.

கோட்டையிலிருந்து தொடங்குகிறேன். பேரவை நடக்கும்போது நம் கேமராவுக்கு அவைக்குள் இடமில்லை. உள்ளே எடுத்த படம் என்றால் அது செய்தி மக்கள் தொடர்புத் துறை கொடுத்ததாக இருக்கும். ஆகவே பேரவையைப் படமெடுப்பது நடைமுறையில் வாசலைப் படமெடுப்பதுதான். அதைக் குறைவாக நினைக்காதீர்கள். 1989 மார்ச் 25 பட்ஜெட் நாளில் அவைக்குள் என்ன நடந்தது என்று இன்றும் இரு தரப்பும் வாதாடுகின்றன. ஜெயலலிதா கலைந்த கோலத்தில் வெளியே வந்ததுதான் மக்கள் மனதில் நின்றது. 2017 பிப்ரவரி 18 நம்பிக்கை வாக்கெடுப்பில் எடப்பாடி பழனிசாமிக்கு 122 வாக்குகள் கிடைத்தன. ஆனால் அந்த நாளை நினைத்தால் முதலில் கண்ணுக்கு வருவது, அப்போது எதிர்க்கட்சித் தலைவராக இருந்த மு.க.ஸ்டாலின் கிழிந்த சட்டையோடு வெளியே வந்த காட்சி. இரண்டு முறையும் படம் வாசலில்தான் கிடைத்தது.

வாசலில் நிற்பவர் கடிகாரத்தைப் பார்க்க வேண்டும். வெளிநடப்பு பெரும்பாலும் கேள்வி நேரம் முடிந்து நேரமில்லா நேரம் தொடங்கிய பிறகுதான் நடக்கும். டீ குடிக்கப் போவதாக இருந்தால் கேள்வி நேரத்திலேயே போய்விட்டு வந்துவிடுங்கள். கட்சிக்காரர்களின் கார் டிரைவர்கள் போனை காதில் வைத்தபடி வண்டியை நகர்த்தத் தொடங்கினால் இரண்டு மூன்று நிமிடத்தில் ஆட்கள் வெளியே வருவார்கள். உள்ளே நிழல், வெளியே முழு வெயில், நடுவில் மூன்று ஸ்டாப் வித்தியாசம் இருக்கும் (ஒரு ஸ்டாப் என்றால் வெளிச்சம் இரண்டு மடங்கு அல்லது பாதி). ஆட்டோவில் விட்டால் முதல் பத்து பிரேம் போய்விடும், நமக்கு வேண்டியதோ அந்த முதல் பத்துதான். ஒரு பாடியில் 24-70 எம்.எம். லென்ஸ் போட்டு நிழலுக்கு மேனுவல், இன்னொன்றில் 70-200 போட்டு வெயிலுக்கு மேனுவல் என்று முன்கூட்டியே பூட்டி வையுங்கள்.

#2 தெற்குவாசல்

கோட்டைவாசல் சார், நல்ல இழை. சென்னைக்கு வெளியே அரசியல்னா பொதுக்கூட்டம், மாநாடு, வேன் பிரசாரம். அதனால மேடைக் கணக்கை நான் சொல்லிடறேன்.

பெரிய கட்சிக் கூட்டத்துல போட்டோகிராபர்களுக்குப் போடுற மேடை, தலைவர் நிக்கிற இடத்துல இருந்து சுமார் 20 மீட்டர் தள்ளி இருக்கும்னு வெச்சுக்கோங்க. புல் பிரேம் பாடியில (சென்சார் 36-க்கு 24 எம்.எம்.) 200 எம்.எம். போட்டா அந்தத் தூரத்துல 3.6 மீட்டர் அகலம், 2.4 மீட்டர் உயரம் விழும். ஆள் முழுசா தெரிவார், பக்கத்துல மைக் ஸ்டாண்டு, பின்னாடி ரெண்டு மாவட்டச் செயலாளர் எல்லாரும் சேர்ந்து வருவாங்க. முகமும் கையும் மட்டும் வேணும்னா 400 எம்.எம்., அதுல 1.8 மீட்டருக்கு 1.2. 70-200-ஐ 1.4 கன்வர்ட்டரோட (லென்ஸுக்கும் பாடிக்கும் நடுவுல மாட்டி எம்.எம்.மைக் கூட்டுறது) போட்டா 280, ஒரு ஸ்டாப் போகும். பகல்ல சரி. ராத்திரி கூட்டத்துக்கு அந்த ஒரு ஸ்டாப் வலிக்கும்.

எல்.இ.டி. விளக்கு இன்னொரு தலைவலி. நம்ம ஊர் கரண்ட் 50 ஹெர்ட்ஸ், அதனால மலிவான டிரைவர் போட்ட விளக்கு நொடிக்கு 100 தடவை மங்கி எரியும். 1/500-ல எடுத்தா ஒரு படம் வெளிச்சம், அடுத்தது இருட்டு, அதுக்கடுத்ததுல பாதி பிரேம்ல பட்டை. 1/100 வெச்சா வெளிச்சம் சீரா இருக்கும், ஆனா கையை ஆட்டிப் பேசுற தலைவருக்கு விரல் கலங்கும். ஆன்ட்டி பிளிக்கர் (விளக்கு பளிச்சுனு இருக்கிற நேரம் பார்த்து எடுக்குற வசதி) இருக்கிற பாடின்னா அதை ஆன் பண்ணிட்டு மெக்கானிக்கல் ஷட்டர்ல எடுங்க. எலக்ட்ரானிக் ஷட்டர்ல மேடைக்குப் பின்னாடி இருக்கிற எல்.இ.டி. திரை கோடு கோடா வரும். தலைவர் வர்றதுக்கு முன்னாடி உள்ளூர் பேச்சாளர் பேசிட்டு இருப்பார் இல்லையா, அந்த நேரத்துல 1/100, 1/125, 1/160, 1/250 நாலுலயும் அஞ்சு அஞ்சு பிரேம் எடுத்துப் பெரிசாக்கிப் பாருங்க. அதுக்குத்தான் அந்த நேரம்.

பொன்னாடை, ஆளுயர மாலை: மாலை கழுத்துல விழுந்த பிறகு முகம் பாதி மறைஞ்சுடும். கை ரெண்டும் மாலையைத் தூக்கி, தலைவர் குனியுறதுக்கு முன்னால அரை நொடி ரெண்டு முகமும் திறந்திருக்கும். அங்கதான் அமுக்கணும்.

#3 வெயில்நாலரை

மேடையில் நிற்கும் எல்லோரும் வெள்ளைச் சட்டை, கரை வேட்டி. இதுதான் நம் ஊர் அரசியல் படத்தின் நிரந்தரச் சிக்கல். வெளிநாட்டு எக்ஸ்போஷர் பாடங்களில் கருப்பு கோட்டுதான் இருக்கும்.

பகலில் பிரேம் முழுக்க வெள்ளை நின்றால் கேமரா பயந்து இருட்டாக்கும், முகம் கரியாகிவிடும். இரவில் பின்னணி கருப்பு, நடுவில் ஒரே ஒரு வெள்ளைச் சட்டை என்றால் கேமரா வெளிச்சத்தை ஏற்றும், சட்டை வெறும் காகிதமாகிவிடும். இரண்டுக்கும் ஒரே மருந்து மேனுவல்தான். மாநிறத்துக்கும் சலவைச் சட்டைக்கும் நடுவே இரண்டரை முதல் மூன்று ஸ்டாப் இருக்கிறது. முகத்தைச் சரியாக வைத்துவிட்டு, கேமரா திரையில் சட்டை மேல் அதிக வெளிச்ச எச்சரிக்கை மின்னுகிறதா என்று பாருங்கள். காலர் ஓரத்தில் மட்டும் மின்னினால் விட்டுவிடலாம். பாக்கெட்டின் தையல், மடிப்பு, உள்ளே தெரியும் தலைவர் படம் மறைகிற அளவுக்கு மின்னினால் மூன்றில் ஒரு ஸ்டாப் இறக்குங்கள், அதற்கு மேல் வேண்டாம். முகத்தை இறக்கிச் சட்டையைக் காப்பாற்றுவது தவறான கணக்கு. அச்சில் முகம் இன்னும் இருட்டாகத்தான் விழும்.

இரவுக் கூட்டத்துக்குத் தொடக்கப் புள்ளி: எப் 2.8, 1/250, ஐ.எஸ்.ஓ. 3200. அங்கிருந்து நகருங்கள்.

உச்சி வெயிலில் வேன் மேல் நிற்பவரைக் கீழிருந்து எடுத்தால் கண்குழி கருத்துவிடும். பிளாஷை ஒன்றேகால் ஸ்டாப் குறைத்துப் போட்டால் போதும்.

#4 தெற்குவாசல்

வெயில்நாலரை அண்ணே, பிளாஷ் விஷயத்துல மட்டும் ஒத்துக்க மாட்டேன். வேன் மேல நிக்கிறவருக்கும் நமக்கும் அஞ்சாறு மீட்டர் இருக்கும், அதுவரைக்கும் சரி. ராத்திரி வேன் பிரசாரத்துல வேனுக்குள்ள இருந்தே முகத்துக்கு விளக்கு போடுறாங்க. அது கீழ இருந்து மேல அடிக்குற வெளிச்சம், தாடைக்கு அடியில பளிச்சுனு இருக்கும். அதுல பிளாஷையும் சேர்த்தா ரெண்டு நிற வெளிச்சம் கலந்து முகம் பாதி மஞ்சள், பாதி நீலம். ராத்திரி பிளாஷ் வேண்டவே வேண்டாம்.

#5 வெயில்நாலரை

இரவுக்கு நீங்கள் சொல்வது சரி, ஏற்றுக்கொள்கிறேன். பகலுக்கு என் கருத்து மாறவில்லை.

#6 அறுபதடி

சென்னையில் வெளிச்சம் எந்தப் பக்கம் என்பதைப் பற்றி ஒருவரும் சொல்லவில்லையே. கடல் கிழக்கே. மெரினாவில் காலையில் சூரியனை முதுகில் வைத்து நகரத்தைப் பார்த்து நின்றால் எதிரே இருப்பவர் முகத்தில் நேர் வெளிச்சம். மாலையில் தலைகீழ். சுதந்திர தினத்தன்று முதலமைச்சர் கொடியேற்றும் கோட்டைக் கொத்தளம் கிழக்கு பார்த்தது, காலை வெயில் முகத்திலேயே விழும். (முதலமைச்சர்கள் கொடியேற்றத் தொடங்கியது 1974-ல்.)

மாலை நிகழ்ச்சிக்கு நாட்காட்டியையும் பாருங்கள். டிசம்பர் முதல் வாரத்தில் சென்னையில் 5.45-க்குள் சூரியன் மறைந்துவிடும், ஆகஸ்ட் முதல் வாரத்தில் 6.30-ஐத் தாண்டும். ஜெயலலிதாவின் அடக்கம் 2016 டிசம்பர் 6 மாலை, கருணாநிதியின் அடக்கம் 2018 ஆகஸ்ட் 8 மாலை. இரண்டிலுமே முக்கியமான சடங்கு நடந்தபோது இயற்கை வெளிச்சம் போய்விட்டது. பகல் முழுக்க ராஜாஜி அரங்கப் படிக்கட்டில் நின்றவர் பேட்டரியும் கார்டும் காலியான நிலையில் அந்த அரைமணி நேரத்துக்கு வந்து சேர்ந்தால் என்ன ஆகும் என்று யோசியுங்கள். ஒரு தலைவரின் இறுதி நாள் என்பது குறைந்தது 14 மணி நேர வேலை. ஒரு பாடிக்கு மூன்று பேட்டரி, அதில் ஒன்றை மாலை ஐந்து மணிவரை தொடக்கூடாது.

அண்ணா முதல் கருணாநிதி வரை பலருக்கும் ராஜாஜி அரங்கில்தான் அஞ்சலி. அந்தப் படிக்கட்டு படமெடுக்கிறவருக்கு வரம், உடலும் தலைவர்களும் மேலே, மக்கள் கீழே, ஒரே பிரேமில் அடுக்கு கிடைக்கும். ஆனால் எல்லோரும் மேலே உள்ள முகங்களை மட்டுமே எடுக்கிறார்கள். திரும்பி நின்று வரிசையை எடுங்கள். வெளியூரிலிருந்து இரவோடு இரவாக வந்து செருப்பைக் கையில் பிடித்தபடி நிற்கும் பெண்கள்தான் அந்த நாளின் அரசியல்.

2017 பிப்ரவரி 7 இரவு ஓ.பன்னீர்செல்வம் ஜெயலலிதா நினைவிடத்தில் கண்ணை மூடி ஏறக்குறைய 40 நிமிடம் உட்கார்ந்திருந்தார். அரசியல் பீட்டில் இருப்பவர் பையில் இரவு ஒன்பது மணிக்கும் ஒரு 35 அல்லது 85 பிரைம் லென்ஸ் (ஜூம் இல்லாத, அதிக வெளிச்சம் வாங்கும் லென்ஸ்) ஏன் இருக்க வேண்டும் என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் இல்லை. அசையாத ஆளுக்கு 1/60 தாராளம், ஐ.எஸ்.ஓ.வை வீணாக ஏற்ற வேண்டியதில்லை.

#7 வைகைக்கரை

ஒரு கேள்வி. இப்போது கட்சிகளே சொந்தமாக போட்டோகிராபர் வைத்து, நிகழ்ச்சி முடிந்த பத்தாவது நிமிடத்தில் வாட்ஸ்அப்பில் படம் அனுப்பிவிடுகிறார்கள். "உள்ளே இடம் இல்லை, படம் அனுப்புகிறோம்" என்பது வழக்கமாகிவிட்டது. டெஸ்க்கும் (அலுவலகத்தில் பக்கம் செய்கிற பிரிவு) அதை வைத்துப் பக்கத்தை முடித்துவிடுகிறது. இதற்கு என்ன செய்வது?

#8 மேசைவிளக்கு

டெஸ்க் பக்கத்திலிருந்து பதில். அவர்கள் அனுப்பும் படத்தைப் போடத்தான் வேண்டிவரும்; தலைமைச் செயலக ஆய்வுக் கூட்டத்துக்கு வேறு வழி கிடையாது. போடும்போது யார் கொடுத்தது என்று படத்தின் கீழேயே அச்சிட வேண்டும். "செய்தி மக்கள் தொடர்புத் துறை" அல்லது இன்ன கட்சி என்று. அதைச் சிறப்புச் செய்தியாளர் படம் போலப் போடுவது வாசகரை ஏமாற்றுவது.

தொழில்நுட்பமாக ஒன்று. வாட்ஸ்அப்பில் சாதாரணமாக அனுப்பிய படம் சுமார் 1600 பிக்சலுக்குச் சுருங்கிவிடும், எடுத்த நேரம் உள்ளிட்ட தகவல் எல்லாம் போய்விடும். பைலாக அனுப்பச் சொல்லுங்கள். தகவல் இல்லாத படம் பழையதா புதியதா என்று தெரியாது, தேர்தல் நேரத்தில் பழைய கூட்டத்தின் படம் இன்றைய கூட்டமாக வந்துசேரும்.

வைகைக்கரைக்கு என் யோசனை: அவர்கள் எடுக்காததை எடுங்கள். கட்சி போட்டோகிராபர் மேடையிலிருந்து கூட்டத்தை எடுப்பார், காலி நாற்காலியை எடுக்க மாட்டார். அமைச்சர் நலத்திட்ட உதவி கொடுப்பதை எடுப்பார், அதற்காகக் காலை ஏழு மணியிலிருந்து காத்திருந்த கிழவியை எடுக்க மாட்டார். டெஸ்க்கில் அந்தப் படத்துக்கு நிச்சயம் மதிப்பு உண்டு.

இனி கேப்ஷன். இந்த இழையில் அதிகம் பேச வேண்டியது இதைத்தான். கேப்ஷன் இல்லாத அரசியல் படம் பத்து வருடத்தில் வெறும் கூட்டப் படம் ஆகிவிடும்.

எழுதும் முறை: இடம், நாள், யார், எந்தப் பதவியில், என்ன செய்கிறார், ஏன். மாதிரி: "சென்னை தலைமைச் செயலகம், 18.02.2017: நம்பிக்கை வாக்கெடுப்பு நாளில் பேரவையிலிருந்து வெளியேற்றப்பட்ட எதிர்க்கட்சித் தலைவர் மு.க.ஸ்டாலின் கிழிந்த சட்டையுடன் வெளியே வருகிறார்." அன்றைய பதவியை எழுதுங்கள். பின்னாளில் பதவி மாறினாலும் அந்தக் கேப்ஷனைத் திருத்தாதீர்கள். "முன்னாள்", "இந்நாள்" சேர்ப்பது பக்கம் செய்கிறவர் வேலை.

இனிஷியல் கட்டாயம். ஒரே பெயரில் இரண்டு சட்டமன்ற உறுப்பினர்கள் இருப்பது சர்வசாதாரணம், ஒரே தொகுதியில் ஒரே பெயரில் சுயேச்சைகளும் நிற்பார்கள். படத்தில் இருப்பவர்களை இடமிருந்து வலமாக எழுதுங்கள், பின் வரிசையையும் சேர்த்து. இன்று தலைவருக்குப் பின்னால் குடை பிடிப்பவர் நாளை அமைச்சர். அப்போது அந்தப் படத்தைத் தேடினால் கிடைக்க வேண்டும்.

போட்டோ மெக்கானிக் (படங்களைப் பிரித்துக் கேப்ஷன் எழுதும் மென்பொருள்) வைத்திருப்பவர்கள் கோட் ரீப்ளேஸ்மென்ட் பைல் செய்துகொள்ளுங்கள். சாதாரண டெக்ஸ்ட் பைல்தான், ஒரு வரியில் குறியீடு, ஒரு டேப், பிறகு முழுப்பெயரும் பதவியும். தொகுதி எண்ணையே குறியீடாக வைத்தால் மறக்காது, 1 முதல் 234 வரை. இரண்டு சாய்கோட்டுக்கு நடுவே எண்ணை அடித்தால் பெயர் தானாக வந்துவிடும். புதிய பேரவை அமைந்த வாரமே புதுப் பைல்; பழையதை அழிக்காமல் ஆண்டு போட்டு வையுங்கள், பழைய படங்களுக்கு அதுதான் வேண்டும்.

தமிழ்க் கேப்ஷனை யூனிகோடில் மட்டும் எழுதுங்கள். பழைய எழுத்துருவில் அடித்தது வேறு கணினியில் கிறுக்கலாகும். சில பழைய மென்பொருள்கள் தமிழைக் கேள்விக்குறியாக மாற்றிவிடும், எனவே பெயரும் ஊரும் ஆங்கிலத்திலும் ஒரு வரி இருக்கட்டும்.

இரண்டு பாடியின் கடிகாரத்தையும் தினமும் காலையில் போன் நேரத்தோடு நொடி சுத்தமாகச் சரிபாருங்கள். சாதாரண நாளில் இதன் அருமை தெரியாது.

#9 தெற்குவாசல்

அந்தக் கடைசி வரி முக்கியம். 2018 மே 22 தூத்துக்குடி. ஸ்டெர்லைட் போராட்டத்தோட நூறாவது நாள், கலெக்டர் ஆபீஸ் நோக்கிப் போன ஊர்வலம், துப்பாக்கிச்சூடு, 13 உயிர். அதுக்கப்புறம் விசாரணை ஆணையம், நீதிமன்றம்னு போகும்போது எந்தப் படம் எத்தனை மணிக்கு எடுத்ததுங்கிறதுதான் முதல் கேள்வி. பாடி கடிகாரம் ஏழு நிமிஷம் தப்பா ஓடினா அந்தப் படத்தோட சாட்சி பலம் குறைஞ்சுடும்.

மறுநாள் தூத்துக்குடி, நெல்லை, கன்னியாகுமரி மூணு மாவட்டத்துலயும் இணையத்தை நிறுத்திட்டாங்க. அந்த மாதிரி நேரத்துக்கு ஏற்பாடு முன்னாடியே இருக்கணும். கார்டு ரெண்டு ஸ்லாட்லயும் ஒரே படம் எழுதுற மாதிரி வெச்சிருந்தா ஒரு கார்டை மாவட்ட எல்லையைத் தாண்டிக் கொண்டுபோய் அங்கிருந்து அனுப்பலாம், இன்னொண்ணு நம்மகிட்ட இருக்கும். எந்த ஊர் தாண்டினா டவர் கிடைக்கும், யார் பைக்ல போவாங்கன்னு அன்னைக்குத் தேடக்கூடாது.

இணையம் நிறுத்தாட்டியும் பெரிய கூட்டத்துல டவர் திணறும், எல்லார் கையிலயும் லைவ் ஓடுது. முழு பைலை அனுப்பாதீங்க. நீளப் பக்கம் 2400 பிக்சல், ஒரு எம்.பி.க்குள்ள ஜேபெக் முதல்ல போகட்டும். பெரிசு வேணும்னா டெஸ்க் கேக்கும்.

கல்வீச்சு, தடியடி நேரத்துல போலீசுக்கும் கூட்டத்துக்கும் நடுவுல நிக்காதீங்க. பக்கவாட்டுல, முதுகுக்குச் சுவர், கைக்கெட்டுற தூரத்துல ஒரு சந்து. கண்ணீர்ப்புகை வரும்னு தெரிஞ்சா கான்டாக்ட் லென்ஸ் போட்டுப் போகக்கூடாது.

#10 அறுபதடி

நெரிசலையும் சேர்க்க வேண்டும். கல்வீச்சைவிட அதற்குத்தான் நான் பயப்படுவேன், ஏனென்றால் அது கோபம் இல்லாத கூட்டத்திலும் நடக்கும். 2025 செப்டம்பர் 27 கரூர் வேலுச்சாமிபுரத்தில் 41 பேர் இறந்தார்கள்.

ஒரு சதுர மீட்டரில் ஐந்து பேருக்கு மேல் ஆகிவிட்டால் உங்கள் காலை நீங்கள் நகர்த்த முடியாது, கூட்டம்தான் நகர்த்தும். அடையாளம் எளிது: கேமராவை மார்பிலிருந்து முகத்துக்குத் தூக்க முழங்கை இடிக்கிறதா? உடனே ஓரத்துக்கு வாருங்கள், அந்தக் கோணம் எவ்வளவு நன்றாக இருந்தாலும். தலைவரின் வேனுக்கும் தடுப்புக் கம்பிக்கும் நடுவே நிற்பது எல்லாவற்றையும்விட மோசம், வேன் நகரும்போது கூட்டமும் அதோடு நகரும். கேமரா வாரைக் கழுத்தில் குறுக்கே மாட்டாதீர்கள், இழுபட்டால் கழற்ற முடியாது. ஒரு தோளில் தொங்கட்டும். வீட்டு மாடி, கடை மாடி கிடைத்தால் காலையிலேயே உரிமையாளரிடம் பேசி வையுங்கள். கூட்டத்தின் அளவைக் காட்டும் படமும் அங்கிருந்துதான் வரும்.

ஒருவர் விழுந்தால் கேமராவை இறக்கிவிட்டுத் தூக்குங்கள். இதில் விவாதிக்க ஒன்றுமில்லை.

#11 கோட்டைவாசல்

தேர்தல் நாளைப் பற்றிச் சுருக்கமாக. வாக்குச்சாவடிக்குள் போக அரசு தரும் பத்திரிகையாளர் அடையாள அட்டை போதாது, தேர்தல் ஆணையத்தின் அனுமதிக் கடிதம் வேண்டும். மாவட்டச் செய்தி மக்கள் தொடர்பு அலுவலர் கேட்கும் முதல் வாரத்திலேயே படத்தோடு விண்ணப்பம் கொடுங்கள். உள்ளே வரிசை, மை வைப்பது, அடையாளச் சீட்டு சரிபார்ப்பது எல்லாம் எடுக்கலாம். வாக்குப்பதிவு மறைவிடத்துக்குள் கேமரா எட்டிப் பார்க்கக்கூடாது, வாக்கின் ரகசியம் சட்டம். பிரபலம் ஓட்டுப் போட வரும்போது முப்பது பேர் ஒரே அறைக்குள் புகுந்தால் தலைமை அலுவலர் எல்லோரையும் வெளியே அனுப்பிவிடுவார், அது அவர் உரிமை. மூன்று பேர் உள்ளே போய் எல்லோருக்கும் பகிர்வது என்று முந்தின நாளே பேசிக்கொள்ளுங்கள்.

எண்ணும் மையத்தில் டிரைபாட் கிடையாது, கையில் பிடிக்கும் கேமரா மட்டும். சிறு குழுவாக அழைத்துப் போவார்கள், கோட்டைத் தாண்டக்கூடாது, இயந்திரத்தில் தெரியும் எண் படத்தில் விழக்கூடாது. உள்ளே இரண்டு மூன்று நிமிடம்தான் கிடைக்கும். வைட் லென்ஸ் ஒன்று போதும். முகவர்களின் முகம் பாருங்கள், தோற்கிற பக்கத்து முகவர் பேனாவை மூடி வைக்கும் நேரம்.

பாலியல் குற்றத்தில் பாதிக்கப்பட்டவர், சட்டத்தின் பிடியில் உள்ள சிறார்: முகம், வீடு, பள்ளிச் சீருடை, வண்டி எண் எதுவும் அடையாளம் காட்டக்கூடாது. பாரதிய நியாய சன்ஹிதா 72, போக்சோ 23, சிறார் நீதிச் சட்டம் 74. மங்கலாக்குவதைத் தலைவர் ஆறுதல் சொல்லப் போகும் படத்திலும் செய்ய வேண்டும். பெரும்பாலும் அங்கேதான் தவறு நடக்கிறது.

#12 வைகைக்கரை

படத்தின் உரிமை யாருக்கு? பத்திரிகை வேலையை விட்ட பிறகு பழைய படங்களைப் புத்தகமாகப் போடலாமா?

#13 மேசைவிளக்கு

முதலில் நியமனக் கடிதத்தை எடுத்துப் படியுங்கள், பதில் அதில்தான் தொடங்குகிறது.

அதில் ஒன்றும் சொல்லவில்லை என்றால் 1957 பதிப்புரிமைச் சட்டம் பிரிவு 17. பத்திரிகையில் சம்பளத்துக்கு வேலை செய்பவர் அந்த வேலையில் எடுத்த படத்தைப் பத்திரிகைகளில் வெளியிடும் உரிமை முதலாளிக்கு. மற்ற வகையில் முதல் உரிமையாளர் எடுத்தவரே. ஆனால் இன்றைய ஒப்பந்தங்கள் பெரும்பாலும் எல்லா உரிமையையும் எழுதி வாங்கிக்கொள்கின்றன, எனவே சட்டத்தை மட்டும் நம்பிப் புத்தகம் போடாதீர்கள்.

ப்ரீலான்ஸ் செய்பவர்கள் இதைக் கவனியுங்கள்: ஒருவர் கேட்டு, பணம் கொடுத்து எடுக்கச் சொன்ன படம் என்றால், மாற்று ஒப்பந்தம் இல்லாத நிலையில் உரிமை பணம் கொடுத்தவருக்கே. கட்சி மாநாட்டுக்குக் கூலிக்குப் போய் எடுத்ததைப் பிறகு பத்திரிகைக்கு விற்க முடியாது. ஒரே ஒரு மின்னஞ்சலில் "உரிமை எடுத்தவருக்கே, உங்களுக்கு இன்ன பயன்பாடு, இத்தனை காலம்" என்று எழுதி, அவர்கள் சரி என்று பதில் அனுப்பிய பிறகு போங்கள். உரிமையை எழுதிக் கொடுக்கும்போது காலம் குறிப்பிடாவிட்டால் ஐந்து ஆண்டு, எல்லை குறிப்பிடாவிட்டால் இந்தியா மட்டும் என்று பிரிவு 19 சொல்கிறது.

2012 திருத்தத்துக்கு முன் புகைப்படத்துக்கு உரிமைக் காலம் வெளியானதிலிருந்து 60 ஆண்டு. இப்போது எடுத்தவர் வாழ்நாளும் அதற்குப் பின் 60 ஆண்டும். பிள்ளைகளுக்கு இது சொத்து, அவர்களுக்கு அது தெரிந்திருக்க வேண்டும்.

#14 நெகட்டிவ்பெட்டி

கடைசியாக வந்தாலும் நான் சொல்வதைப் பொறுமையாகப் படியுங்கள். 1960, 70, 80-களின் தமிழ்நாட்டு அரசியல் இன்னும் பலர் வீட்டுப் பரணில் நெகட்டிவாகக் கிடக்கிறது. தினமும் கொஞ்சம் கொஞ்சமாக அழிந்துகொண்டிருக்கிறது.

பெட்டியைத் திறந்ததும் வினிகர் வாடை வந்தால் அசிடேட் பிலிம் சிதையத் தொடங்கிவிட்டது. அந்த ஆவி பக்கத்திலிருக்கும் நல்ல பிலிமையும் கெடுக்கும், முதல் வேலை தனியே பிரிப்பது. அமிலம் காட்டும் ஏ-டி பட்டைகள் கிடைக்கின்றன, நீலத்திலிருந்து பச்சை, மஞ்சள் என்று மாறினால் நோய் முற்றியது. மஞ்சள் காட்டுவதை முதலில் ஸ்கேன் செய்யுங்கள். பி.வி.சி. உறை ஆகாது, பாலிப்ரோப்பிலீன் அல்லது அமிலமில்லாத காகித உறை. ஈரப்பதம் 30-லிருந்து 50 சதவீதத்துக்குள் இருக்க வேண்டும், சென்னையில் வெளியே 70-ஐத் தாண்டுவது சாதாரணம். இரும்பு பீரோவில் ஈரத்தை உறிஞ்சும் சிலிக்கா ஜெல் போடுங்கள், மாதம் ஒருமுறை அந்த ஜெல்லை வெளியே எடுத்துச் சூடாக்கி மறுபடி வையுங்கள். பகலில் ஏ.சி. போட்டு இரவில் நிறுத்தும் அறை போடாததைவிட மோசம், பனித்துப் பூஞ்சை பிடிக்கும்.

35 எம்.எம். பிரேமை 4000 டி.பி.ஐ.யில் ஸ்கேன் செய்தால் ஏறக்குறைய 21 மெகாபிக்சல் வரும், அது போதும். நெகட்டிவ் துண்டைத் தனித்தனி பிரேமாக வெட்டாதீர்கள். ஓரத்தில் இருக்கும் எண்ணும் வரிசையும் படத்தைப் போலவே முக்கியம். 1991 மே 21 ஸ்ரீபெரும்புதூரில் குண்டு வெடிப்பில் இறந்துபோன போட்டோகிராபரின் கேமராவில் இருந்த பத்து படங்கள் புலனாய்வுக்கு எவ்வளவு உதவின என்பது எல்லோரும் அறிந்தது. எது முன்னே, எது பின்னே என்று சொல்வது அந்த வரிசைதான்.

உறையில் தேதி இல்லை என்றால் படத்தில் தெரியும் சுவரையும் சின்னங்களையும் படியுங்கள். அ.தி.மு.க. மேடையில் சேவலோ இரட்டைப் புறாவோ இருந்தால் அது 1989 ஜனவரித் தேர்தல் காலம், இரட்டை இலை முடங்கியிருந்தது. தொப்பியும் இரட்டை விளக்கு மின்கம்பமும் 2017 ஆர்.கே.நகர் இடைத்தேர்தல். வாழும் மூத்த கட்சிக்காரர்களிடம் படத்தைக் காட்டி, அவர்கள் சொல்வதைப் பதிவு செய்துகொள்ளுங்கள். பின்வரிசை முகங்களுக்குப் பெயர் சொல்ல அவர்களைத் தவிர ஆள் இல்லை.

டிஜிட்டலுக்குக் கணக்கு: ஒரு நாள் 1500 பிரேம், ஒரு ரா பைல் (கேமராவின் சுருக்காத மூலப் பைல்) 30 எம்.பி. என்றால் 45 ஜி.பி. வருடத்தில் 250 நாள் வேலை, 11 டி.பி.யைத் தாண்டும். பத்தில் ஒன்றை மட்டும் வைத்தால் வருடத்துக்கு 1.1 டி.பி., யாராலும் சமாளிக்க முடியும். ஆனால் துப்பாக்கிச்சூடு, நெரிசல், தடியடி, தலைவர் மறைவு நாட்களில் ஒரு பிரேமையும் அழிக்கக்கூடாது. மூன்று பிரதி, இரண்டு வகைச் சாதனம், ஒன்று வேறு ஊரில்.

நீதிமன்றம் படத்தைக் கேட்டால் பாரதிய சாட்சிய சட்டம் பிரிவு 63-ன்படி சான்றிதழ் கொடுக்க வேண்டும், அதில் பைலின் ஹாஷ் மதிப்பும் (பைலில் ஒரு சிறு மாற்றம் நடந்தாலும் மாறிவிடும் கைரேகை போன்ற எண்) கேட்கப்படும். முக்கிய நாட்களில் கார்டிலிருந்து இறக்கிய உடனே ஹாஷ் எடுத்து எழுதி வையுங்கள். போலீஸ் கேமராவையோ கார்டையோ கைப்பற்றினால் சீரியல் எண்ணோடு மகஜர் (கைப்பற்றியதற்கான பதிவு) நகல் கேட்டு வாங்குங்கள்.

#15 வைகைக்கரை

நன்றி ஐயா. பெட்டிகளைக் குடும்பத்தாரால் வைத்துக்கொள்ள முடியவில்லை என்றால் எங்கே கொடுப்பது?

#16 நெகட்டிவ்பெட்டி

தரமணியில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம். புதுச்சேரி பிரெஞ்சு ஆய்வு நிறுவனம் தமிழ்நாட்டு ஸ்டுடியோ படங்களை டிஜிட்டலாக்கிய அனுபவம் உள்ளது. எந்த இடமானாலும் முதலில் கடிதம் எழுதி, எவ்வளவு இருக்கிறது, எந்த நிலையில் இருக்கிறது என்று சொல்லுங்கள். கொடுக்கும்போது நெகட்டிவைப் பாதுகாக்கக் கொடுப்பது வேறு, பதிப்புரிமையைக் கொடுப்பது வேறு. இரண்டையும் தனித்தனி வரியாக எழுதிக் கையெழுத்து வாங்குங்கள், உயிலிலும் அப்படியே. நெகட்டிவ் கொடுத்தாலும் ஸ்கேன் ஒரு பிரதி வீட்டில் இருக்கட்டும்.

பழைய உறைகளைத் தூக்கி எறியாதீர்கள். புது உறைக்கு மாற்றும்போது பழைய உறையின் இரு பக்கத்தையும் படமெடுத்து அதே எண்ணில் சேருங்கள். எடுத்தவர் கிறுக்கிய "திருச்சி, மழை, 2 ரோல்" என்ற குறிப்பு வேறெங்கும் கிடைக்காது. புது உறையில் பென்சிலால் எழுதுங்கள், அதுவும் நெகட்டிவை உள்ளே வைப்பதற்கு முன்.